எந்தக் கலியபெருமாள்?

மங்கையர்க்கரசி மேடம் போய்விட்டார் என்ற செய்தி, ஓய்வு பெற்ற வருவாய்த் துறையினருக்கான நம் வாட்ஸ்அப் குழுவில் காலை ஆறே முக்காலுக்கு வந்தது. நான் அரியலூரில் எங்கள் தெருமுனைக் கடையில் பால் பாக்கெட் வாங்கிக்கொண்டிருந்தேன். படித்ததும் துக்கம் வரவில்லை, கோபம்தான் வந்தது. உயிரோடு இருப்பவர்களுக்கு ஏற்கெனவே இரண்டு முறை அஞ்சலி செலுத்திய குழு இது. யார் சொன்னது, யாரிடம் கேட்டது என்று ஒரு வார்த்தை இல்லை. கும்பிடும் கைகள் மட்டும் வரிசையாக வந்து விழுந்துகொண்டிருந்தன. பெரம்பலூரில் அவர் வீட்டுக்கே போன் செய்தேன். அவருடைய கணவர், ஓய்வு பெற்ற பள்ளி ஆசிரியர், எடுத்தார்.

"உண்மைதாங்க சார்," என்றார். "காபி கேட்டாங்க. கலந்து எடுத்துட்டு வர்றதுக்குள்ள போயிட்டாங்க. சக்கரை கம்மியா போடுங்கன்னு சொன்னதுதான் கடைசிப் பேச்சு." பிறகு, "காலையிலேர்ந்து பத்து போன் வந்துடுச்சுங்க. எல்லாரும் எப்ப எடுக்கிறீங்கன்னுதான் கேக்குறாங்க. எப்படி ஆச்சுன்னு கேட்டது நீங்கதான்," என்றார்.

பாலை வீட்டில் கொடுத்துவிட்டு அடுத்த பஸ்ஸில் ஏறினேன்.

துக்கம் விசாரிக்கப் போகிறோம் என்றுதான் நாம் சொல்வோம். அதே சொல்லைத்தான் அலுவலகத்தில் கோப்புகளில் விசாரணை என்று எழுதுகிறோம். இந்தச் சொல்லை வைத்து மேடம் என்னை அடிக்கடி சீண்டுவார். "விசாரிக்கிறதுன்னா நம்ம ஊர்ல நல்லாருக்கீங்களான்னு கேக்கிறதுங்க சார். நம்ம ஆபீசு வாசல்ல நுழைஞ்ச உடனேதான் அது போலீஸ் வார்த்தை ஆயிடுது" என்பார். அன்று பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து போகும்போது இதுதான் ஞாபகத்துக்கு வந்தது. பக்கத்தில் இருந்தவர் பார்க்கிறாரே என்றுகூடப் பார்க்காமல் சிரித்துவிட்டேன். அழுகை அதற்கப்புறம்தான் வந்தது.

அவரும் நானும் இளநிலை உதவியாளர்களாக ஒரே நாளில் பணியில் சேர்ந்தவர்கள். அவர் துறைத் தேர்வுகளை ஒரே மூச்சில் எழுதி முடித்தார். நான் கணக்குத் தேர்வோடு மூன்று முறை மல்லுக்கட்டினேன். அதனால் பல வருடம் கழித்து அவர் வட்டாட்சியராக வந்து நாற்காலியில் உட்கார்ந்தபோது, நான் அவருக்குக் கீழே துணை வட்டாட்சியர். எந்த அலுவலகம் என்று சொல்லப் போவதில்லை. பெரம்பலூர், அரியலூர் இரண்டு மாவட்டத்திலும் நம்மவர்களுக்கு அது தெரியும். தெரியாதவர்களுக்குத் தெரிந்து ஆகப்போவதும் ஒன்றுமில்லை.

எனக்கு வேகம். கோப்பு மேசையை விட்டு இறங்கினால்தான் சோறு தொண்டையில் இறங்கும். நான் எழுதும் உத்தரவுகளில் ஒரு கமா பிசகாது என்று எனக்கே ஒரு பெருமை உண்டு. மேடத்துக்கு இந்தப் பெருமை நன்றாகத் தெரியும். நான் கோப்போடு உள்ளே நுழைந்தாலே, "வாங்க எழுத்தாளரே, இன்னிக்கு யாரு கதையை முடிச்சுட்டு வந்தீங்க?" என்பார். உத்தரவில் பச்சை மையால் கையெழுத்திடுவார். ஆனால் சந்தேகம் வந்தால் ஓரத்தில் பென்சிலால்தான் எழுதுவார். ஏன் என்று ஒருமுறை கேட்டேன். "தீந்து போச்சுன்னா அழிச்சுரலாம் பாருங்க. சந்தேகத்துக்குப் போயி எதுக்குப் பச்சை மை?" என்றார்.

அவர் வந்த புதிதில் உடையார்பாளையம் பக்கத்து முந்திரிக்காட்டுக்காரர் ஒருவரின் விவகாரம் வந்தது. வண்டிப்பாதையை மறித்து வேலி போட்டிருந்தார். வரைபடத்தைப் பிரித்தால் பச்சைக் குழந்தைகூடச் சொல்லிவிடும், அது அரசின் பாதை. ஆள் வரும்போதே தொண்டையைத் திறந்துகொண்டு வந்தார். மேடம் அவரை உட்காரச் சொல்லி, மோர் வரவழைத்துக் கொடுத்து, "சொல்லுங்க" என்றார். அவர் பாட்டன் கிணறு வெட்டிய காலத்திலிருந்து ஆரம்பித்தார். ஒன்றே கால் மணி நேரம். பங்காளிச் சண்டை, பாகப்பிரிவினை, ஆடு மேய்ந்தது, எல்லாம் வந்தது. வாக்குமூலம் எழுதி எழுதி என் விரல் விண்டுபோயிற்று. கடைசியில் மேடம் போட்ட உத்தரவு, வேலியை அகற்ற வேண்டும் என்பதுதான்.

அவர் போனதும் நான் பொறுக்க மாட்டாமல் கேட்டேன். "முடிவு மொதல்லயே தெரியுமே மேடம். எதுக்கு ஒண்ணே கால் மணி நேரம்?"

"முடிவு எனக்குத் தெரியும் சார். அவருக்குத் தெரியணும் இல்ல," என்றார்.

அந்த மனிதர் பத்து நாளில் தானே ஆள் வைத்து வேலியைப் பிடுங்கினார். அதோடு விடவில்லை, மகள் கல்யாணப் பத்திரிகையைத் தட்டில் வைத்து எடுத்துக்கொண்டு அலுவலகத்துக்கு வந்தார். மேடம் எழுந்து வாங்கிக்கொண்டு, "இன்னும் அப்பீல் டைம் முடியலைங்க. அது முடியட்டும், அப்புறம் ஒரு நாள் வந்து சாப்பிடுறேன்," என்றார். அவர் விழுந்து விழுந்து சிரித்தார். "நான் எங்கங்க அப்பீலுக்குப் போவப் போறேன்? சொல்ல வேண்டியதை எல்லாம் இங்கயே சொல்லித் தீத்துட்டேன். இனிமே போயி யார்கிட்ட என்னத்தச் சொல்றது?" என்றார். தோற்றுப்போன மனிதர் அப்படித் திருப்தியாகச் சிரித்து நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

இனி கலியபெருமாள் விஷயம். மேடத்தைத் தெரிந்தவர்களில் பாதிப் பேருக்கு இதில் பாதி தெரியும். மீதிப் பாதி எனக்கும் அவருக்கும் மட்டும் தெரிந்தது. அவர் போய்விட்டார், நான் சொல்லாவிட்டால் அது என்னோடு போய்விடும்.

கல்லங்குறிச்சிப் பெருமாளுக்கு நேர்ந்துகொண்டு பிள்ளைக்கு அந்தச் சாமி பெயரை வைக்காத குடும்பம் இந்தப் பக்கம் குறைவு. எந்த ஊர் டீக்கடை முன்னால் நின்று "கலியபெருமாள்" என்று கூப்பிட்டாலும் நான்கு பேராவது திரும்பிப் பார்ப்பார்கள். கலியமூர்த்திகளும் கலியன்களும் இந்தக் கணக்கில் இல்லை. அப்படியொரு கிராமத்தில், இராமசாமி மகன் கலியபெருமாள் என்பவருக்கு அரசு இலவசமாக வீட்டுமனைப் பட்டா கொடுத்திருந்தது. குறித்த காலத்துக்குள் வீடு கட்டாவிட்டால் பட்டாவை ரத்து செய்யலாம் என்பது நிபந்தனை. மனை முள் மண்டிக் கிடக்கிறது, அதை வீடில்லாத வேறு ஒருவருக்குக் கொடுங்கள் என்று ஊரிலிருந்து மனு வந்தது. ஏன் ரத்து செய்யக் கூடாது என்று விளக்கம் கேட்டு நோட்டீஸ் அனுப்பினோம். கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டதற்கு அத்தாட்சி வந்தது. விசாரணை நாளில் ஆள் வரவில்லை. மறுபடியும் அனுப்பினோம், மறுபடியும் வரவில்லை.

நான் உத்தரவு எழுதினேன். அதில் ஒரு வாக்கியம் உண்டு. நம் துறையில் இருந்தவர்கள் எல்லோரும் தூக்கத்தில்கூட எழுதக்கூடிய வாக்கியம்தான். "போதிய வாய்ப்பளித்தும் நேரில் வராததால், அவருக்குச் சொல்வதற்கு ஏதுமில்லை எனக் கருதப்படுகிறது."

கோப்பு மாலையில் திரும்பி வந்தது. கையெழுத்து இல்லை. அந்த வாக்கியத்துக்குப் பக்கத்தில் பென்சிலால், "எந்தக் கலியபெருமாள்?" என்று எழுதியிருந்தது.

கோப்பை எடுத்துக்கொண்டு விறுவிறுவென்று உள்ளே போனேன். "நோட்டீஸ்ல இருக்கிற கலியபெருமாள்தான் மேடம். வேற யாரு?"

மேடம் இரண்டு தாள்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டினார். பட்டாவைப் பெற்றுக்கொண்டதற்கான பழைய தாளில் பெருவிரல் ரேகை. நோட்டீஸைப் பெற்றுக்கொண்டதில் வளைத்து வளைத்து அழகான கையெழுத்து.

"நடுவுல கையெழுத்துப் போடக் கத்துக்கிட்டிருப்பாரு மேடம்," என்றேன். விடக்கூடாது என்ற வீம்புதான்.

"இருக்கலாம் சார். அதையும் அவரையே கேட்டுருவோம்," என்றார். பிறகு என் வாக்கியத்தின் மேல் பென்சிலைத் தட்டினார். "சொல்றதுக்கு ஒண்ணுமே இல்லாத மனுஷன் ஒருத்தரை இந்த ரெண்டு மாவட்டத்துல எனக்குக் காட்டுங்க. நான் இப்பவே கையெழுத்துப் போட்டுடுறேன்."

விசாரித்ததில், அந்த ஊரில் இராமசாமி மகன் கலியபெருமாள் இரண்டு பேர். இராமசாமிகளும் இருவர். கலியபெருமாள்களில் ஒருவர் டீக்கடை வைத்திருந்தார், மற்றவர் கொத்தனார். இருவருக்கும் ஒரே சமயத்தில் பக்கத்துப் பக்கத்து வரிசையில் மனை கொடுத்திருக்கிறார்கள். டீக்கடைக்காரர் எப்போதோ வீடு கட்டிக் குடிபோய்விட்டார். நோட்டீஸ் இரண்டு முறையும் அவர் கைக்குத்தான் போயிருக்கிறது. "வூட்டு வரி சம்பந்தமா ஏதோ வந்திருக்குன்னு நெனச்சேன்," என்று சொல்லியிருக்கிறார்.

எனக்குக் கிராம உதவியாளர் தங்கராசு மேல் ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது. நோட்டீஸ் கொண்டுபோனது அவர்தான். அன்றே அவருக்கு ஒரு மெமோ எழுதி எடுத்துக்கொண்டு போனேன். மேடம் அதைக் கையில்கூட வாங்கவில்லை. "அவரைக் கேட்டீங்களா?" என்றார். தங்கராசு வந்தார். கையைக் கட்டிக்கொண்டு, "சார், நோட்டீஸ்ல பேரும் அப்பா பேரும்தான் இருந்துச்சு. மனை நம்பரு இல்ல. டீக்கடைக்காரரு நான்தான்னாரு. அவரும் பொய் சொல்லலையே," என்றார். மனை எண்ணை எழுதாமல் நோட்டீஸ் தயாரித்தது என் பிரிவு. மெமோவை நான்காக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு வெளியே வந்தேன்.

இதற்குள் மேலிடத்து ஆய்வுக் கூட்டம் வந்துவிட்டது. நிலுவைப் பட்டியலில் இந்தக் கோப்பு முதல் வரிசையில் நின்றது. மனைக்காகக் காத்திருந்த தரப்பில் ஒருவர் தினமும் போன் செய்தார். தாமதத்துக்கு விளக்கம் கேட்டு மேடத்துக்கே மேலிருந்து குறிப்பாணை வந்தது. மேடம் அதைப் படித்துவிட்டு முகமெல்லாம் மலர என்னைக் கூப்பிட்டார். "பாத்தீங்களா சார், என்னைக் கேக்குறாங்க! நேரா தண்டனை குடுக்காம வாய்ப்புக் குடுத்திருக்காங்க. இதுதான் முறை," என்றார். அன்று சாப்பாட்டு நேரத்தில் உட்கார்ந்து, கலியபெருமாள்கள் இருவர் இருப்பதில் தொடங்கி நான்கு பக்கம் விளக்கம் எழுதினார். அதில் என் பெயரோ தங்கராசு பெயரோ ஓர் இடத்திலும் இல்லை. மேலிருந்து பதில் எதுவும் வரவில்லை. வராதது நல்லது என்று நாங்களும் இருந்துவிட்டோம்.

கொத்தனார் கலியபெருமாளைத் தங்கராசுதான் தேடிக் கண்டுபிடித்தார். பாடாலூரில் நெடுஞ்சாலை ஓரமாக எழும்பிக்கொண்டிருந்த ஒரு கட்டடத்தில் சாரத்தின் மேல் நின்று பூசிக்கொண்டிருந்திருக்கிறார். அங்கேயே வாடகைக்கு ஒரு வீடு எடுத்து மனைவி, இரண்டு பிள்ளைகளோடு இருந்தார். மனை எண்ணோடு புதிய நோட்டீஸ் போயிற்று. இந்த முறை பெருவிரல் ரேகை வந்தது.

வியாழக்கிழமை காலை வந்தார். நகக்கண்ணில் சிமென்ட், தோளில் துண்டு. மேடம் நாற்காலியைக் காட்டினார். உட்காரவே மூன்று முறை சொல்ல வேண்டியிருந்தது. "உங்க மனையில ஏன் இன்னும் வீடு கட்டலை? நீங்க என்ன சொல்றீங்களோ அதை எழுதிக்கப் போறோம். பயப்படாம சொல்லுங்க," என்றார் மேடம்.

"நான் என்னத்தங்க சொல்றது? நீங்க பாத்துச் செய்ங்க," என்றார் அவர்.

மேடம் வேறு வேறு விதமாகக் கேட்டுப் பார்த்தார். பிள்ளைகள் என்ன படிக்கிறார்கள், வேலை தினமும் இருக்கிறதா, ஊருக்கு எப்போது போனீர்கள். எல்லாவற்றுக்கும் ஒரு வார்த்தை, இரண்டு வார்த்தை. மனை என்று வந்தால் மட்டும், "நீங்க பாத்துச் செய்ங்க." நான் மேடத்தைப் பார்த்தேன். சொல்வதற்கு ஏதுமில்லாத மனிதரைக் காட்டச் சொன்னீர்களே, இதோ உட்கார்ந்திருக்கிறார் என்று என் பார்வையில் இருந்திருக்கும். எழுதியதைப் படித்துக் காட்டினேன். "வேற ஏதாவது?" என்று மேடம் கேட்டார். அவர் தலையாட்டினார். கும்பிட்டுவிட்டு எழுந்து வாசல் வரை போனார். மேடம் பேனாவை மூடவில்லை. எதற்கோ காத்திருந்தார்.

கதவுத் திரையைப் பிடித்துக்கொண்டு கலியபெருமாள் திரும்பினார். "அம்மா, அளந்து கல்லு நட்டுக் குடுங்கன்னு மூணு வாட்டி எழுதி வாங்கியாந்து இந்த ஆபீசுல குடுத்தேங்க. வருசத்துக்கு ஒண்ணு. எது என் மனைன்னே யாரும் காட்டலைங்க. தெரியாம பக்கத்து மனையில கடைக்கால் போட்டுட்டா பொல்லாப்புங்களே."

"உக்காருங்க," என்றார் மேடம்.

சாமி வரம் கொடுத்தும் பூசாரி கொடுக்காத கதை. அரசாங்கம் காகிதத்தில் மனை கொடுத்துவிட்டது. எங்கள் அலுவலகம் அதை மண்ணில் காட்டவே இல்லை. கலியபெருமாள் கிளம்பிப் போன பிறகு மேடம் சொன்னதை நம்மில் பலர் கேட்டிருப்பீர்கள், அதன் பிறகு பல பேரிடம் சொல்லியிருக்கிறார். "வாசப்படியில சொல்றதுதான் சார் வாக்குமூலம். உள்ள உக்காந்து சொல்றது ஒத்திகை."

மூன்று மனுக்களையும் தேடச் சொன்னார். பாதிப் பேருக்குத் தெரிந்த கதை இங்கே முடிகிறது. மனுக்கள் கிடைத்தன, மனை அளக்கப்பட்டது, கலியபெருமாள் வீடு கட்டினார் என்று சொல்வார்கள்.

மனுக்களைத் தேடியவன் நான். டீக்கடைக் கலியபெருமாளின் பழைய கோப்புக்குள் மூன்றும் அடுக்காக இருந்தன. மூன்றிலும், "ஏற்கெனவே அளந்து கொடுக்கப்பட்டது. கோப்பில் சேர்க்கவும்" என்று எழுதிச் சுருக்கொப்பம் போட்டிருந்தது. அந்தச் சுருக்கொப்பம் என்னுடையது. அலமாரி முன்னால் எவ்வளவு நேரம் நின்றேன் என்று தெரியாது. மூன்றையும் உருவிவிட்டால் யாருக்கும் தெரியப்போவதில்லை என்ற நினைப்பு வந்தது. வரவில்லை என்று சொன்னால் பொய். எடுத்துக்கொண்டு போய் மேடத்தின் மேசையில் வைத்துவிட்டு என் இடத்துக்கு வந்து உட்கார்ந்தேன்.

மாலையில் எனக்கு ஒரு நோட்டீஸ் வந்தது. பத்தடி தூரத்தில் உட்கார்ந்திருப்பவனுக்கு, ஒரே நாளில் வேலையில் சேர்ந்தவனுக்கு நோட்டீஸ்! நாளை முற்பகல் பதினொரு மணிக்கு நேரில் வந்து விளக்கம் அளிக்கலாம் என்று இருந்தது. கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டேன். கூப்பிட்டு நாலு திட்டுத் திட்டியிருந்தால் போயிருக்குமே, இவ்வளவு காலம் பழகியதற்கு இதுதானா என்று வீட்டில் போய்ப் புலம்பினேன். என் மனைவி முழுக்கக் கேட்டுவிட்டு, "அப்ப நீங்க தெனம் அனுப்புறீங்களே, அவங்களுக்கெல்லாம் எப்படி இருந்திருக்கும்?" என்று கேட்டாள். அவளிடமும் கோபித்துக்கொண்டேன்.

மறுநாள் பதினொரு மணிக்குப் போனேன். மேடம் நாற்காலியைக் காட்டினார். மோர் வந்தது. "சொல்லுங்க சார். என்ன ஆச்சு?" என்றார். சொன்னேன். ஆள் பற்றாக்குறை, தேர்தல் வேலை, ஜமாபந்திக் கணக்குத் தணிக்கை, அதில் ஒரு வருடம் என் மனைவிக்கு முழங்காலில் அறுவைச் சிகிச்சை. ஒன்றுகூடப் பொய் இல்லை. மேடம் வேறு யாரையும் எழுதச் சொல்லாமல் தானே எழுதினார். குறுக்கே ஒரு வார்த்தை பேசவில்லை. எழுதியதைப் படித்துக் காட்டினார். நான் சொன்னதைவிட நன்றாகவே இருந்தது. "வேற ஏதாவது?"

"இல்ல மேடம்."

எழுந்து வாசல் வரை வந்தேன். திரையில் கை வைத்ததும் நின்றேன். அவர் பேனாவை மூடியிருக்க மாட்டார் என்பது திரும்பிப் பார்க்காமலே தெரிந்தது.

"மேடம், நான் அந்த மனுவைப் படிக்கலை," என்றேன். "மூணையுமே படிக்கலை. பேரை மட்டும் பாத்தேன். இராமசாமி மகன் கலியபெருமாள். அளந்து குடுத்தாச்சே, இந்த ஆளுக்கு வேற வேலை இல்லையான்னு எரிச்சலா எழுதித் தள்ளினேன். உள்ள மனை நம்பரு எழுதியிருந்தாரு. ரெண்டு வரி தள்ளிதான் இருந்துச்சு."

"வந்து உக்காருங்க சார். அதையும் எழுதிக்கலாம்," என்றார்.

எனக்கு எழுத்து மூலம் கண்டிப்பு கொடுத்தார். நட்புக்காகக் கொடுக்காமல் விடவும் இல்லை, நேர்மையைக் காட்டுகிறேன் என்று கூடுதலாகப் போடவும் இல்லை. "துணை வட்டாட்சியரின் விளக்கம் நேரில் கேட்கப்பட்டது" என்று அந்தக் கடிதம் தொடங்கும். என் சர்வீஸ் முழுக்க எத்தனையோ பேருக்கு இந்த வாக்கியத்தை எழுதியிருக்கிறேன். கேட்டுவிட்டு எழுதியவை எத்தனை என்று இப்போது யோசித்துப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை. கடிதத்தின் கடைசியில், "கேட்கப்படாமலே தாமாக முன்வந்து உண்மையைத் தெரிவித்தார் என்பதும் பதிவு செய்யப்படுகிறது" என்று ஒரு வரி இருந்தது. ஒரு வாரம் அவரோடு பேசாமல் இருந்தேன். எட்டாம் நாள் நானே இரண்டு டம்ளர் டீ வாங்கிக்கொண்டு உள்ளே போனேன். "எழுத்தாளர் வந்துட்டாரு," என்றார். அவ்வளவுதான், பழையபடி ஆகிவிட்டோம்.

சர்வேயர் போய் அளந்து கல் நட்டார். கலியபெருமாள் வெளிவேலை இல்லாத நாட்களில் தானே செங்கல் அடுக்கி, தானே பூசி, ஒன்றரை வருடத்தில் வீட்டை முடித்தார். புதுமனைப் புகுவிழாவுக்கு மேடமும் நானும் போனோம். மேடம் ஒவ்வொரு சுவராகத் தட்டித் தட்டிப் பார்த்துச் சந்தோஷப்பட்டார். கலியபெருமாள் எனக்கும் சந்தனம் கொடுத்து, "சாரு இல்லைன்னா ஆயிருக்குமா?" என்றார். நான் சந்தனத்தைக் கையில் தடவிக்கொண்டேன். திரும்பி வரும்போது ஜீப்பில் மேடம் என்னைக் கேட்டார்: "அவர்கிட்ட சொல்லிட்டீங்களா சார்?" இல்லை என்றேன். அதற்கு மேல் அவர் அந்தப் பேச்சை எடுக்கவே இல்லை. அது எனக்கான விஷயம் என்று விட்டுவிட்டார்.

வருடங்கள் ஓடின. இருவரும் ஓய்வு பெற்றோம். சொல்லலாம், சொல்லலாம் என்று தள்ளிப்போட்டுக்கொண்டே இருந்தேன்.

போன வாரம் பெரம்பலூரில் மேடத்துக்குப் பதினாறாம் நாள் காரியம். பந்தலில் உட்கார்ந்திருந்தவர்களில் கலியபெருமாளும் அவர் மனைவியும் இருந்தார்கள். தலை நரைத்துவிட்டது. என்னைப் பார்த்ததும் எழுந்து வந்து கையைப் பிடித்துக்கொண்டார். மகன் சென்னையில் வேலைக்குப் போய்விட்டானாம். வீட்டுக்கு மேல்மாடி எடுத்திருக்கிறாராம். "எல்லாம் அம்மாவும் நீங்களும் செஞ்சதுங்க," என்றார்.

பக்கத்து நாற்காலியை இழுத்து அவரை உட்கார வைத்தேன். சொன்னேன். மூன்று மனுவையும் கோப்பில் போட்டு மூடியது நான்தான் என்று சொன்னேன்.

அவர் தோளிலிருந்த துண்டை எடுத்து மடித்தார். மடித்ததைப் பிரித்து மறுபடி மடித்தார். எழுந்து போய்விடுவார் என்று நினைத்தேன்.

"ஏன் சார் அப்படிப் பண்ணீங்க?" என்று கேட்டார். குத்திக் காட்டும் குரல் இல்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். ஆள் பற்றாக்குறை, தேர்தல், ஜமாபந்தி எதையும் எடுக்காமல், பெயரை மட்டும் பார்த்ததையும் எரிச்சலில் எழுதியதையும் சொன்னேன். முடிக்கும் வரை அவர் குறுக்கே பேசவில்லை.

"மூணு வருசம் சார்," என்றார் பிறகு. "புள்ளைங்க ஒழுகுற வூட்டுல உக்காந்து படிச்சுதுங்க. அது போனது போனதுதான். பரவால்லைன்னு நான் சொல்ல மாட்டேன்."

"சொல்லவும் வேணாம்," என்றேன்.

"ஆனா நீங்க சொன்னது நல்லதுங்க. இத்தனை வருசமா எம் மனுவை எலி தின்னுடுச்சுன்னுல்ல நெனச்சுக்கிட்டிருந்தேன்."

அவர் சிரித்தார். எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. துக்க வீடு என்று வாயைப் பொத்திக்கொண்டோம். மேடத்தின் கணவர் எங்களைப் பார்த்து, என்ன என்று சைகையில் கேட்டார். பந்திக்குக் கூப்பிட்டார்கள், கலியபெருமாள் பக்கத்து இலையில் எனக்கு இடம் பிடித்து வைத்திருந்தார்.

பாராட்டுச் சான்றிதழ்கள் எனக்கும் சில வந்தன. அவை எங்கே இருக்கின்றன என்று தெரியாது. மேடத்தின் நினைவாக என்னிடம் இருப்பது பச்சை மையில் கையெழுத்திட்ட அந்தக் கண்டிப்புக் கடிதம்தான். அதை வீட்டுப் பத்திரத்தோடு வைத்திருக்கிறேன். அதைவிடப் பெரிதாக அவர் எனக்குக் கொடுத்துவிட்டுப் போனது என்ன என்பது அன்று அந்த இலைக்கு முன்னால் உட்கார்ந்தபோதுதான் விளங்கியது. கலியபெருமாள் என்னைக் கேட்டார், கேட்டுவிட்டுத் தீர்ப்பும் சொன்னார். தீர்ப்பு எனக்கு எதிராகத்தான் வந்தது. முந்திரிக்காட்டுக்காரர் தோற்றுவிட்டும் அன்று ஏன் அப்படிச் சிரித்தார் என்று புரிந்தது. பாயசம் இரண்டாம் முறை வந்தபோது, போடுங்கள் என்று இலையைக் காட்டினேன்.